ஒக்டோபர் 30: ஒரு திகதி, இரண்டு வெளியேற்றம்

யாழ்ப்பாண நகரத்தில் ஒக்டோபர் 30ஆம் திகதி ஒலிபெருக்கி இரண்டு தடவை பேசியிருக்கிறது. முதல் தடவை 1990இல், செவ்வாய்க்கிழமை முற்பகல். சோனகர் தெருவிலும் அயல் ஒழுங்கைகளிலும் ஓடிய வாகனங்கள் முஸ்லிம்கள் எல்லோரையும் ஜின்னா மைதானத்துக்கு வரச் சொல்லின. இரண்டாவது தடவை 1995இல், திங்கட்கிழமை பின்னேரம். அந்த அறிவிப்பு நகரத்திலும் வலிகாமத்திலும் இருந்த எல்லோருக்குமானது. இரண்டு நாளும் அறிவித்தவர்கள் விடுதலைப் புலிகள். சொன்ன விடயமும் ஒன்றுதான்: வெளிக்கிடுங்கள்.

இடையில் சரியாக ஐந்து வருடம். ஒரு நாள் கூடவும் இல்லை, குறையவும் இல்லை.

இந்த ஒற்றுமையை யாழ்ப்பாணத்தில் கவனிக்காதவர்கள் குறைவு. ஆனால் கவனித்துவிட்டு என்ன செய்கிறோம் என்பது வேறு. தமிழர்கள் அந்தத் திகதியை வலிகாம இடப்பெயர்வு நாள் என்று நினைவுகூருகிறார்கள். முஸ்லிம்கள் அதைக் கறுப்பு ஒக்டோபர் என்கிறார்கள். ஒரே நகரத்தின் ஒரே நாள் இரண்டு பேரேடுகளில் எழுதப்பட்டிருக்கிறது. ஒரு பேரேட்டைத் திறப்பவர் மற்றதைத் திறப்பது அரிது.

ஜின்னா மைதானம்

சோனகர் தெரு என்று ஊர் சொல்வது ஒரு தனித் தெருவை அல்ல. நாவாந்துறைக்கும் ஓட்டுமடத்துக்கும் அயலில், ஐந்துசந்தியை நடுவாக வைத்துப் பரந்த ஒரு முழுக் குடியிருப்பு அது. பெரிய பள்ளிவாசல், ஒஸ்மானியாக் கல்லூரி, கதீஜா பெண்கள் பாடசாலை எல்லாம் நடை தூரத்தில் இருந்தன. மாவட்டச் சனத்தொகையில் முஸ்லிம்கள் நூற்றுக்கு இரண்டு பேர்கூட இல்லை. ஆனாலும் நகரத்தின் அன்றாடம் அவர்கள் கையில் இருந்தது. தையற்கடை, இரும்புக்கடை, நகைக்கடை, இறைச்சிக்கடை, லொறிச் சேவை என்று எதை எடுத்தாலும் அங்கே ஒரு முஸ்லிம் முதலாளியோ தொழிலாளியோ இருந்தார். தீபாவளிச் சட்டையை அளவெடுத்துத் தைத்துக் கொடுத்தவர் காதர் நானாவோ சலீம் நானாவோதான் என்று சொல்லும் தலைமுறை இன்னும் இருக்கிறது. 1950களில் இந்த மாநகர சபைக்கு எம். எம். சுல்தான் முதல்வராக இருந்தார். நூற்றுக்கு இரண்டு பேர்கூட இல்லாத சமூகத்தில் இருந்து ஒருவரை மேயராக ஏற்றுக்கொண்ட நகரம்தான் இது.

1990இன் நிலைமை வேறாகிவிட்டது. மார்ச்சில் இந்திய இராணுவம் போனது. ஜூனில் இலங்கை அரசுக்கும் புலிகளுக்கும் போர் மறுபடி மூண்டது. செப்டெம்பர் 26இல் கோட்டையில் முற்றுகைக்குள் இருந்த இராணுவம் வெளியேறியதும் நகரம் முழுவதும் புலிகளின் கைக்கு வந்தது. கிழக்கில் அந்தக் கோடை பயங்கரமானது. ஓகஸ்ட் 3இல் காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்தவர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். ஒன்பது நாள் கழித்து ஏறாவூரில் படுகொலை. மறுபக்கத்தில் முஸ்லிம் ஊர்காவல் படையினரும் இராணுவமும் தமிழ்க் கிராமங்களில் செய்த கொலைகளும் இருந்தன. வடக்கில் இப்படி ஒன்றும் நடக்கவில்லை. இங்கே முஸ்லிம்களும் தமிழர்களும் ஒருவரை ஒருவர் வெட்டிக்கொள்ளவில்லை. கிழக்கின் கணக்கை வடக்கில் தீர்த்தார்கள் என்று சொல்வதைவிட வேறு விளக்கம் எனக்குத் தெரியவில்லை.

ஒக்டோபர் 15இல் சாவகச்சேரி முஸ்லிம்கள் முதலில் அனுப்பப்பட்டார்கள். உளவு, ஆயுதம் என்று காரணம் சொல்லப்பட்டது. பிறகு மன்னார்த்தீவு. எருக்கலம்பிட்டியில் இருந்தும் சுற்றுக் கிராமங்களில் இருந்தும் மக்கள் வள்ளங்களில் ஏறிக் கற்பிட்டிக் கரைக்குப் போனார்கள். முல்லைத்தீவும் கிளிநொச்சியும் மாத முடிவில். வடமாகாணத்தின் ஐந்து மாவட்டங்களில் இருந்தும் 70 ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் இரண்டே கிழமைகளில் அகற்றப்பட்டார்கள். யாழ்ப்பாண நகரம் கடைசி. சாவகச்சேரியில் நடந்தது நகரத்துக்குத் தெரிந்திருந்தது. தங்களுக்கும் அது வரும் என்று சோனகர் தெரு அநேகமாக நம்பவில்லை. பிறந்து வளர்ந்த தெருவை விட்டு இரண்டு மணித்தியாலத்தில் போகச் சொல்வார்கள் என்று யார்தான் நம்புவார்கள்?

அவ்வளவு நேரம்தான் கொடுக்கப்பட்டது. மைதானத்தில் கூடியவர்களிடம் புலிகளின் பொறுப்பாளர் ஒருவர் பேசினார். மேலிடத்து முடிவு, கேள்வி கேட்க இடமில்லை. கொண்டுபோகக்கூடிய காசு ஆளுக்கு 150 ரூபா, உடுபுடைவை கொஞ்சம். அதையும் ஐந்துசந்தியில் வரிசையாக நிறுத்திச் சோதித்தார்கள். நகைகள் வாங்கப்பட்டன. பெண்களின் காதுத் தோடுகளும் தப்பவில்லை. காணி உறுதிகளைக்கூடக் கொண்டுபோக முடியாதவர்கள் இருந்தார்கள். உறுதி இல்லாமல் போனது பிறகு எவ்வளவு பெரிய முடிச்சு ஆனது என்பதைக் கீழே சொல்கிறேன். வசதியான வியாபாரிகள் சிலரைப் புலிகள் பிடித்து வைத்துக்கொண்டார்கள். காசு வந்த பிறகு சிலர் திரும்பினார்கள். எல்லோரும் திரும்பவில்லை.

அயல் தமிழர்கள் என்ன செய்தார்கள்? கதவைப் பாதி சாத்திக்கொண்டு நின்றவர்கள் உண்டு. அழுதவர்கள் உண்டு. வழியில் தண்ணீரும் சாப்பாடும் கொடுத்தவர்கள் உண்டு. எதிர்த்துக் குரல் கொடுக்கும் நிலை இருக்கவில்லை. எதிர்த்து எழுதிய மருத்துவக் கல்வியாளர் ராஜினி திரணகம முந்திய வருடம் செப்டெம்பரில் நகரத்திலேயே சுட்டுக் கொல்லப்பட்டிருந்தார். பயம் ஒரு காரணம், ஒத்துக்கொள்ளலாம். ஆனால் அதற்குப் பிறகு அந்த வீடுகளின் ஓடும் கதவும் நிலையும் யன்னலும் கழன்று போனதற்குப் பயத்தைக் காரணம் சொல்ல முடியாது. அவற்றை வாங்கியவர்கள் யாரும் துவக்கு முனையில் வாங்கவில்லை.

அதே செவ்வாய்க்கிழமை கடலுக்கு அப்பால் இன்னொரு செய்தி ஓடிக்கொண்டிருந்தது. அயோத்தியில் கரசேவகர்கள் பாபர் பள்ளிவாசலின் குவிமாடத்தில் ஏறிக் கொடி நாட்டினார்கள். முலாயம் சிங் அரசின் பொலிஸ் சுட்டது, பலர் இறந்தார்கள். இந்தியப் பத்திரிகைகளின் முதற்பக்கம் அயோத்தியால் நிறைந்திருந்தபோது, ஐம்பது கிலோமீற்றர் கூட இல்லாத கடலுக்கு இப்பால் ஒரு மாகாணத்தின் முஸ்லிம்கள் அநேகமாக அனைவரும் அகற்றப்பட்டது உலகத்துக்குச் சின்னச் செய்தியாகத்தான் போய்ச் சேர்ந்தது.

நாவற்குழி

1995இன் கதையைச் சொல்லத் தமிழ் வீடுகளில் ஆளுக்குப் பஞ்சமில்லை. நாற்பது வயதைத் தாண்டிய யாரையும் வலிகாமத்தில் கேட்கலாம்.

அந்த வருடம் சமாதானத்தோடுதான் தொடங்கியது. ஜனவரியில் போர்நிறுத்தம், ஏப்ரல் 19இல் திருகோணமலைத் துறைமுகத்தில் கடற்படைக் கப்பல்கள் தாக்கப்பட்டதோடு அது முடிந்தது. ஜூலை 9இல் நவாலி சென். பீற்றர்ஸ் தேவாலயத்தில் ஒதுங்கியிருந்தவர்கள் மீது விமானக் குண்டு விழுந்து நூற்றுக்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். ஒக்டோபர் 17இல் இராணுவம் பலாலிப் பக்கத்தில் இருந்து ‘ரிவிரெச’ நடவடிக்கையைத் தொடங்கியது. சிங்களத்தில் அதற்குச் சூரியக்கதிர் என்று பொருள். அச்சுவேலி, புத்தூர், நீர்வேலி என்று ஒவ்வொரு ஊராக முன்னேறியது. எறிகணை நகரத்துக்குள் விழத் தொடங்கியிருந்தது.

ஐந்து வருடமாகக் குடாநாட்டில் மின்சாரம் இல்லை. சைக்கிள் டைனமோவைச் சுற்றி வானொலி கேட்ட காலம். ஜாம் போத்தல் விளக்கில் பிள்ளைகள் சோதனைக்குப் படித்தார்கள். மோட்டார் சைக்கிள்கள் மண்ணெண்ணெயில் இருமிக்கொண்டு ஓடின. அந்த நிலையில்தான் அன்று பின்னேரம் அறிவிப்பு வந்தது. உடனடியாகத் தென்மராட்சிக்கும் வடமராட்சிக்கும் போய்விடுங்கள். இராணுவம் கைப்பற்றப் போகும் நகரத்தில் சனம் இருக்கக்கூடாது என்பது புலிகளின் முடிவு. சனத்தின் முடிவு என்னவென்று யாரும் கேட்கவில்லை. குண்டுக்குப் பயந்து போகத்தான் வேண்டும் என்று நினைத்தவர்கள் ஏராளம், அதையும் மறைக்கத் தேவையில்லை.

நான்கு இலட்சத்துக்கும் மேற்பட்டவர்கள், சில கணக்குகளின்படி ஐந்து இலட்சம் பேர், ஒரே இரவில் ஒரே திசையில் நடந்தார்கள். வலிகாமத்தையும் தென்மராட்சியையும் ஒரு கடலேரி பிரிக்கிறது. அதைத் தாண்டப் பெரும்பாலானவர்களுக்கு இருந்த வழி செம்மணி வெளியால் போய் நாவற்குழிப் பாலத்தில் ஏறும் கண்டி வீதிதான். சாவகச்சேரிக்கு நகரத்தில் இருந்து பதினைந்து கிலோமீற்றரளவு. சைக்கிளில் ஒரு மணித்தியால ஓட்டம். அன்று சிலருக்கு இருபது மணித்தியாலம் எடுத்தது. சைக்கிள் கரியரில் அரிசி மூட்டை, அதற்கு மேல் அம்மம்மா. மாட்டுவண்டி, கைவண்டி, உழவு இயந்திரம். நோயாளியைக் கதிரையோடு தூக்கிக்கொண்டு நடந்தவர்கள். இரவில் மழை. செம்மணியில் இரு பக்கமும் தண்ணீர்வெளி, குடிக்க உப்புத் தண்ணீரைத் தவிர வேறு இல்லை. குடையைத் தலைகீழாகப் பிடித்து மழைநீரைச் சேர்த்துப் பிள்ளைகளுக்குப் பருக்கினார்கள். வயது போனவர்கள் வழியிலேயே இறந்தார்கள். சில குழந்தைகள் வழியிலேயே பிறந்தன.

அந்த நேரம் கனடாவில் கியூபெக் மாகாணம் பிரிந்துபோவதா இல்லையா என்று வாக்களித்துக்கொண்டிருந்தது. ஒக்டோபர் 30, அதே திங்கள். வாக்காளர்களில் 93 வீதமானோர் போய் வாக்களித்தார்கள். பிரிய வேண்டாம் என்றவர்கள் 50.58 வீதம், பிரியவேண்டும் என்றவர்கள் 49.42. மொன்றியலில் இரவு பத்து மணி கழிந்து முடிவு தெரிந்தபோது நாவற்குழியில் மறுநாள் காலை ஒன்பது மணியளவு. நனைந்த சனம் இன்னும் பாலத்தில் ஏறிக்கொண்டிருந்தது. 1980களில் அகதியாகப் போய் மொன்றியலில் குடியேறிய யாழ்ப்பாணத்தார் பலர் அந்த வாக்கெடுப்பில் வாக்களிக்கும் உரிமையோடு இருந்தார்கள். தோற்ற முதலமைச்சர் ஜாக் பரிசோ அன்றிரவே மேடையில் தோல்விக்குப் பணத்தையும் சிறுபான்மை இனங்களின் வாக்கையும் குற்றம் சொன்னார். மறுநாள் பதவி விலகுவதாக அறிவித்தார். பிரிவினை கேட்டுப் போராடிய ஒரு சமூகத்தைச் சேர்ந்தவர்கள், இன்னொரு பிரிவினையைத் தடுத்த சிறுபான்மை என்று பழி வாங்கிய இரவு அது. ஒரு நாவலாசிரியர் இப்படிப் பொருத்தினால் மிகைப்படுத்துகிறார் என்று நாமே சொல்லியிருப்போம்.

டிசெம்பர் 5இல் இராணுவம் நகரத்தில் கொடியேற்றியது. கொடியைப் பார்க்க ஊரில் சனம் இல்லை. அடுத்த வருடம் ஏப்ரல் 19இல் இரண்டாவது ‘ரிவிரெச’ தென்மராட்சியை நோக்கி வந்தபோது பெருந்தொகையானோர் நாவற்குழியால் திரும்பி நகரத்துக்கு வந்தார்கள். மற்றவர்கள் கிளாலிக் கடலேரியைத் தாண்டி வன்னிக்குப் போனார்கள். அவர்களில் பலருடைய கதை 2009இல் முள்ளிவாய்க்காலில் முடிந்தது. திரும்பி வந்தவர்களுக்கும் ஊர் பழைய ஊராக இருக்கவில்லை. 1996இல் நூற்றுக்கணக்கான இளைஞர்கள் இராணுவத்தால் பிடிக்கப்பட்டுக் காணாமல் போனார்கள். அவர்கள் செம்மணியில் புதைக்கப்பட்டதாக 1998இல் ஒரு இராணுவச் சிப்பாய் நீதிமன்றத்தில் சொன்னார். 1999இல் 15 எலும்புக்கூடுகள் தோண்டியெடுக்கப்பட்டன. 2025இல் அதே செம்மணியில், சித்துப்பாத்தி மயானத்தில் 200க்கும் மேற்பட்டவை வெளியே வந்தன. 95இல் சனம் மழையில் நடந்த அதே வீதியோரம்.

மூன்று நாட்காட்டி

இந்த இரண்டு நாட்களும் ஒரே நாளாவது ஆங்கில நாட்காட்டியில் மட்டும். கொக்குவில் இரகுநாதையரின் வாக்கிய பஞ்சாங்கத்தைப் பார்த்து நாள் வைக்கும் வீட்டில் அவை சேராது. 1990இல் அது பூரணைக்கு மூன்று நாள் முந்தியது. 1995இல் அமாவாசை கழிந்து ஆறாம் நாள். அந்த அமாவாசையில்தான் வட இந்தியாவில் முழுச் சூரியகிரகணம் தெரிந்தது. இரண்டுமே ஐப்பசி, இரண்டுமே வளர்பிறை, ஆனால் திதி வேறு. ஒருவர் இறந்தால் இங்கே ஆட்டைத் திவசம் திதியைப் பார்த்துத்தான் செய்வார்கள். நாவற்குழியில் இறந்த அம்மம்மாவின் திவசம் ஒக்டோபர் 30இல் விழுவது எப்போதோ ஒரு வருடம்தான். ஹிஜ்ரி நாட்காட்டியில் கேட்கவே வேண்டாம். 1990இன் அந்த நாள் 1411 ரபீஉனில் ஆகிர் மாதத்தில் வந்தது. ஒவ்வொரு வருடமும் பத்துப் பதினொரு நாள் பின்னால் நகர்ந்து இப்போது எங்கேயோ போய்விட்டது. ஆகவே சைவருடைய நாட்காட்டியிலும் முஸ்லிமுடைய நாட்காட்டியிலும் இல்லாத ஒரு சந்திப்பைக் கந்தோர்ச் சுவரில் தொங்கும் நாட்காட்டி உண்டாக்கியிருக்கிறது.

அந்தச் சந்திப்பு அதிசயமா? கணக்குப் பாடத்தில் ஒரு பழைய கேள்வி உண்டு. ஒரு அறையில் எத்தனை பேர் இருந்தால் இரண்டு பேருக்காவது ஒரே பிறந்தநாள் இருக்கப் பாதிக்கு மேல் வாய்ப்பு? 23 பேர் போதும். 57 பேர் என்றால் வாய்ப்பு நூற்றுக்குத் தொண்ணூற்றொன்பது. யாழ்ப்பாணத்தின் துக்க நாட்களைப் பட்டியல் போட்டால் 57 எல்லாம் ஒரு பத்து வருடத்துக்கே காணாது. ஆகவே திகதிகள் மோதத்தான் செய்யும். செப்டெம்பர் 26ஐப் பாருங்கள். சிங்களம் மட்டும் சட்டத்தைக் கொண்டுவந்த பிரதமர் பண்டாரநாயக்க 1959இல் இறந்த நாள். 1987இல் நல்லூர் வீதியில் உண்ணாவிரதம் இருந்த திலீபன் இறந்ததும் அன்றுதான். 1990இல் கோட்டை விடுபட்டதும் அன்றுதான். 1975 ஜூலை 27இல் பொன்னாலை வரதராஜப் பெருமாள் கோயில் வாசலில் மேயர் அல்பிரட் துரையப்பா சுடப்பட்டார். 1983இல் அதே திகதியில் வெலிக்கடைச் சிறையில் இரண்டாவது படுகொலை. மேலே இரண்டு தடவை வந்த ஏப்ரல் 19 மட்டக்களப்பில் அன்னை பூபதி 1988இல் உண்ணாவிரதத்தில் உயிர்விட்ட நாளும்தான். இவற்றில் எதற்கும் எவரும் விதியைத் தேடவில்லை.

ஒக்டோபர் 30க்கு மட்டும் விதியைத் தேடினார்கள். தென்மராட்சிப் பாடசாலைகளில் பாய் விரித்துப் படுத்திருந்த நாட்களிலேயே அந்தப் பேச்சு எழுந்துவிட்டது. சோனகச் சனத்தைத் துரத்தினோம், எங்களுக்கும் அதே நாளில் வந்தது. பாட்டிமார் சொன்னார்கள், படித்தவர்களும் சொன்னார்கள். இன்றும் சொல்கிறார்கள். அதில் ஒரு நேர்மை இருக்கிறது. பிழை நடந்தது என்று பகிரங்கமாக ஒருவரும் சொல்ல முடியாத காலத்தில், வினை என்று சொல்வதன் மூலம் பிழை என்று ஒப்புக்கொண்டார்கள். அந்த அளவில் அதை மதிக்கிறேன்.

ஆனால் ஏற்கவில்லை. வினைக் கணக்கில் செய்தவரும் அனுபவித்தவரும் ஒருவராக இருக்கவேண்டும். 1990இல் ஆணையிட்டவர்களும் 1995இல் ஆணையிட்டவர்களும் ஒருவரே. 95இல் மழையில் செத்த கிழவி யாரையும் துரத்தவில்லை. இன்னொன்று, இதைவிடப் பெரியது: வினை என்று சொன்னவுடன் கணக்குத் தீர்ந்துவிடுகிறது. பட்டதற்குப் பட்டாயிற்று, இனிக் கொடுக்க ஒன்றும் இல்லை. சோனகர் தெருவின் இழப்பு வலிகாமத்தின் இழப்பால் ஈடுசெய்யப்பட்டதாக ஆகிவிடுகிறது. புத்தளத்தில் கிடுகுக் குடிலில் இருந்த ஒருவருக்கு அதனால் ஒரு ஓடுகூடத் திரும்பக் கிடைக்கவில்லை.

இரண்டையும் சமம் என்று வைப்பதும் பிழைதான். 1995இல் சனம் போர் நெருங்கியபோது, வற்புறுத்தலுக்கும் உயிர்ப்பயத்துக்கும் நடுவில் போனது. பெரும்பகுதி ஆறே மாதத்தில் திரும்பி வந்தது. வீடு உடைந்திருந்தது, சாமான் போயிருந்தது, ஆனால் காணி காணியாக இருந்தது, பக்கத்து வீட்டுக்காரரும் கூடவே திரும்பினார். 1990 ஒக்டோபரில் போர் சோனகர் தெருவை நெருங்கிக்கொண்டிருக்கவில்லை. முஸ்லிம் என்பதைத் தவிர வேறு காரணம் இல்லாமல், நகை கழற்றப்பட்டு, அயலில் எல்லோரும் இருக்க இவர்கள் மட்டும் அனுப்பப்பட்டார்கள். சட்டரீதியாகத் திரும்பி வரும் பேச்சு எழவே பன்னிரண்டு வருடம் ஆனது. 1990இன் வெளியேற்றத்தைத் தமிழ்த் தேசியக் கூட்டமைப்பின் எம். ஏ. சுமந்திரன் இனச்சுத்திகரிப்பு என்று சொன்னபோது எங்கள் பக்கத்தில் எழுந்த கோபத்தை நினைத்துப் பார்க்கிறேன். அந்தச் சொல்லை எங்களுக்கு நடந்ததற்கு மட்டும் வைத்திருக்கவேண்டும் என்று விரும்பியவர்களுடைய கோபம் அது.

பழைய இடப்பெயர்வு

2002 ஏப்ரல் 10இல் கிளிநொச்சியில் நடந்த பத்திரிகையாளர் மாநாட்டில் புலிகளின் சார்பில் அன்ரன் பாலசிங்கம் முஸ்லிம்களின் வெளியேற்றத்துக்கு மன்னிப்புக் கேட்டார். மூன்று நாள் கழித்துப் புலிகளின் தலைவர் பிரபாகரனும் முஸ்லிம் காங்கிரஸ் தலைவர் ரவூப் ஹக்கீமும் அவர்கள் திரும்புவது பற்றி ஓர் உடன்பாட்டில் ஒப்பமிட்டார்கள். ஏ-9 வீதி திறந்திருந்தது. சிலர் வந்து பார்த்தார்கள், பள்ளிவாசலைத் துப்புரவாக்கினார்கள், கடை போட்டார்கள். 2006இல் வீதி மறுபடி மூடியது.

இடையில் அவர்களைப் பற்றிக் கணக்கெடுத்தவர்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவர்கள். எருக்கலம்பிட்டியைச் சேர்ந்த, பேராதனைப் பல்கலைக்கழகப் புவியியல் பேராசிரியர் எஸ். எச். ஹஸ்புல்லா அதில் முதலில் நிற்பவர். யார், எந்த ஊர், எவ்வளவு காணி, என்ன இழந்தார் என்று ஆண்டுக்கணக்காகத் தேடிச் சேர்த்தார். தன் சொந்தச் சனத்தின் இழப்பைக் கணக்கெடுப்பது ஒரு புவியியலாளருக்கு எவ்வளவு கனமான வேலை! 2009இல் கொழும்பின் சட்டமும் சமூகமும் அறக்கட்டளை ஒரு பிரஜைகள் ஆணைக்குழுவை அமைத்தது. அதன் அறிக்கை 2011இல் வந்தது. அரசு அப்படி ஒரு தனி ஆணைக்குழுவை அமைக்கவில்லை. அரசுக்கு இது புலிகளைச் சாடும்போது மட்டும் பயன்பட்ட ஒரு உதாரணம்.

போர் முடிந்த பிறகுதான் உண்மையான சிக்கல் வெளியே வந்தது. சர்வதேச நிறுவனங்களும் அரசும் 2008 ஏப்ரலுக்குப் பிறகு இடம்பெயர்ந்தவர்களை முதலில் கவனித்தன. அவர்கள் மெனிக் பாம் முகாமின் முட்கம்பிக்குள் இருந்தவர்கள், அவசரம் நியாயமானது. அதற்கு முன்னர் இடம்பெயர்ந்தவர்கள் எல்லோரும் ‘பழைய’ இடப்பெயர்வு என்று ஒரு பக்கமாக வைக்கப்பட்டார்கள். முஸ்லிம்கள் அந்தப் பழைய பட்டியலின் அடியில். 1990இல் ஒரு குடும்பமாகப் போனது இருபது வருடத்தில் நான்கு குடும்பமாகியிருந்தது. சோனகர் தெருவின் காணித் துண்டுகளோ சிறியவை. நான்கு குடும்பத்துக்கு ஒரு வளவு. வீட்டுத்திட்டமோ ஒரு காணிக்கு ஒரு வீடு என்றது. உறுதி இல்லாதவர்கள், இருந்த உறுதியில் பாட்டன் பெயர் மட்டும் உள்ளவர்கள், வறுமையில் அடிமாட்டு விலைக்குக் காணியை விற்றுவிட்டு வாடகைக்கு வந்தவர்கள் என்று ஒவ்வொருவரும் ஒவ்வொரு விதியில் தடுக்கப்பட்டார்கள். திரும்பியவர்கள் போனவர்களில் ஒரு பகுதிதான். பலர் புத்தளத்தில் தில்லையடியிலும், நீர்கொழும்பில் பெரியமுல்லையிலும், கொழும்பிலும் தங்கிவிட்டார்கள்.

தங்கிவிட்டார்கள் என்பதை வைத்துக்கொண்டு, அவர்களுக்கு வர விருப்பமில்லை என்று இங்கே சிலர் சொல்வதுண்டு. பிள்ளை புத்தளத்தில் படிக்கிறது, மகள் அங்கே மணமுடித்துவிட்டாள், தொழில் அங்கே. உண்மைதான். கனடாவில் பிள்ளையும் தொழிலும் இருக்கும் யாழ்ப்பாணத் தமிழருடைய காணியை மட்டும் நாம் அப்படிப் பேசுவதில்லை. அவருக்குக் காணி காணிதான், வேலி வேலிதான்.

ஒக்டோபர் 30இல் இந்த நகரத்தில் ஒரு பொதுக்கூட்டம் வைத்தால் யார் முதலில் பேசவேண்டும் என்று என்னைக் கேட்டால், 1990ஐப் பற்றி ஒரு தமிழர் பேசவேண்டும் என்பேன். 95ஐப் பற்றிப் பேச ஆட்கள் வரிசையில் நிற்கிறார்கள், அவசரமில்லை. கூட்டத்தை வைக்கப் பொருத்தமான இடம் ஜின்னா மைதானம்தான். அதற்கு அரசாங்கமோ வெளிநாட்டுத் தூதுவரோ தேவையில்லை. மாநகர சபையின் ஒரு தீர்மானமும் ஒரு வாடகை ஒலிபெருக்கியும் போதும்.

கூட்டத்துக்கு வரும் முஸ்லிம் குடும்பம் அடுத்த நாள் பிரதேச செயலகத்துக்கும் போகும். அங்கே ஒரு சுற்றுக் கேள்வி இருக்கிறது. வீட்டுத்திட்டத்தில் பெயர் சேர்க்க வேண்டுமென்றால் யாழ்ப்பாணத்தில் நிரந்தரமாக வசிப்பதாகக் கிராம சேவகர் உறுதிப்படுத்தவேண்டும். நிரந்தரமாக வசிப்பதற்கு வீடு வேண்டும். வீடு இல்லாததால் குடும்பம் புத்தளத்தில் இருக்கிறது. புத்தளத்தில் இருப்பதால் பெயர் இல்லை. 1990இல் பத்து வயதில் மைதானத்தில் நின்ற பிள்ளைக்கு 2025இல் 45 வயது, அவர் அந்தப் படிவத்தை நிரப்பும் இரண்டாவது தலைமுறை. வசிப்பிடம் என்ற கட்டத்தில் சோனகர் தெருவை எழுதினால் பரிசோதிக்க வருபவர் ஆளைக் காணமாட்டார், புத்தளத்தை எழுதினால் விண்ணப்பம் அத்தோடு நின்றுவிடும்.